சிறு போர்க்கப்பலும் கொல்லாமையும்: கொங்குப் பட்டறையை நோக்கிய ஓர் அறக்கேள்வி

போர்க்கருவி ஒன்றின் சிறு உறுப்பை வார்த்துக் கொடுப்பவருக்கு, அக்கருவி பின்னொரு நாள் செய்யக்கூடிய கொலையில் பங்கு உண்டா என்னும் வினா மிகப் பழையது. ஆயினும் கடலில்லாத கொங்கு நாட்டில் அது இன்று புதிதாக எழுந்திருக்கிறது. 2019 ஜனவரியில் திருச்சிராப்பள்ளியில் தொடங்கிவைக்கப்பட்ட தமிழ்நாடு பாதுகாப்புத் தொழில் வழித்தடத்தின் ஐந்து முனையங்களுள் கோயம்புத்தூரும் சேலமும் இடம்பெற்றதும், கொடிசியா அமைப்பு பாதுகாப்புத் துறைக்கெனப் புத்தாக்க மையம் ஒன்றை நிறுவியதும், பம்ப்பும் மோட்டாரும் நூற்பாலை இயந்திரமும் செய்து பழகிய பட்டறைகளின் முன் படைத்தளவாட ஆர்டர்களைக் கொண்டுவந்து நிறுத்தியுள்ளன. அமைதியையும் போரையும் பற்றிப் பொதுவாகப் பேசும்போது இவ்வினாவுக்கு எவரும் எளிதில் ஒரு விடை சொல்லிவிட முடியும். குறிப்பிட்ட ஒரு கப்பல் வகையை எடுத்து, அது எதற்காக எவ்வாறு கட்டப்படுகிறது என்று பார்க்கும்போதுதான் அவ்விடைகளின் உறுதி தெரியவரும்.

அத்தகைய சோதனைக்கு, ஆழம் குறைந்த கரையோரக் கடலில் நீர்மூழ்கிகளைத் தேடித் தாக்குவதற்காக இந்தியக் கடற்படை 2019 ஏப்ரலில் ஒப்பந்தம் செய்த பதினாறு சிறு கப்பல்கள் பொருத்தமானவை. எட்டுக் கப்பல்கள் கொல்கத்தாவின் கார்டன் ரீச் நிறுவனத்துக்கும் எட்டு கொச்சி கப்பல் கட்டும் தளத்துக்கும் வழங்கப்பட்டன. கார்டன் ரீச் ஏற்றவற்றுள் நான்கைச் சென்னைக்கு வடக்கே காட்டுப்பள்ளியில் உள்ள எல் அண்டு டி தளத்தில் கட்டுவதென்று ஏற்பாடாயிற்று. முதற்கப்பலான ஆர்னாலா 2022 டிசம்பர் 20 அன்று காட்டுப்பள்ளியில் நீரில் இறக்கப்பட்டு, 2025 ஜூன் 18 அன்று விசாகப்பட்டினத்தில் படையில் சேர்க்கப்பட்டது. கொச்சி வரிசையின் முதற்கப்பலான மாஹே அதே ஆண்டு நவம்பர் 24 அன்று மும்பையில் சேர்ந்தது. ஆர்னாலாவின் பாகங்களில் எண்பது விழுக்காட்டுக்கு மேல் உள்நாட்டில் செய்யப்பட்டவை என்றும், ஐம்பத்தைந்துக்கும் மேற்பட்ட சிறு, நடுத்தரத் தொழிலகங்கள் அதில் பங்கேற்றன என்றும் அரசு அறிவித்தது. ஒரு போர்க்கப்பலின் பொறுப்பு எத்தனை கைகளில் பரவிக் கிடக்கிறது என்பதை இவ்வெண்ணிக்கையே காட்டுகிறது.

கப்பலின் அமைப்பில் அதன் நோக்கம் தெளிவாகத் தெரிகிறது. விசாகப்பட்டினம் வகையைச் சேர்ந்த பெரிய நாசகாரிக் கப்பல் 163 மீட்டர் நீளமும் 7,400 டன் எடையும் கொண்டிருக்க, ஆர்னாலா ஏறத்தாழ 78 மீட்டர் நீளம் மட்டுமே உடையது, எடையிலும் அதைவிட மிகச் சிறியது. நீருக்குக் கீழே அது மூன்று மீட்டர்கூட இறங்குவதில்லையாதலால், பெரிய கப்பல்கள் தரைதட்டும் இடங்களிலும் அதனால் இயங்க முடிகிறது. வழக்கமான சுழல்விசிறிக்குப் பதிலாக, டீசல் என்ஜின்களால் நீரை உறிஞ்சிப் பின்புறம் பீய்ச்சித் தள்ளும் நீர்த்தாரை முறையில் அது மணிக்கு 25 கடல் மைல் வேகம் வரை செல்கிறது. ஒரு முறை எரிபொருள் நிரப்பினால் ஏறத்தாழ 1,800 கடல் மைல் ஓடும். எடை குறைந்த டார்பிடோக்களும், நீர்மூழ்கியை நோக்கிச் சரமாக எய்யும் ராக்கெட்டுகளும், 30 மில்லிமீட்டர் பீரங்கியும், கடலடியில் பதிக்கும் கண்ணிவெடிகளும் அதன் படைக்கலங்கள். நெடுந்தொலைவு சென்று நகரங்களைத் தாக்கும் ஏவுகணை எதுவும் அதில் இல்லை.

இவ்வகைக் கப்பல்கள் அபய் வகையின் பணியைத் தொடர வந்தவை. சோவியத் ஒன்றியத்தில் கட்டப்பட்டு 1989 முதல் 1991 வரை இந்தியக் கடற்படையில் சேர்ந்த, ஏறத்தாழ 500 டன் எடையுள்ள அந்த நான்கு கப்பல்களுள் ஒன்றான அஜய், 1990 ஜனவரி 24 அன்று ஜார்ஜியாவின் போட்டி துறைமுகத்தில் கொடியேற்றி, 2022 செப்டம்பர் 19 அன்று மும்பையில் கொடியிறக்கியது. இடைப்பட்ட முப்பத்திரண்டு ஆண்டுகளில் கார்கில் போர்க்காலக் கடற்பணியும் அடங்கும்; எனினும் துறைமுக வாயில்களைக் காப்பது, கரையோரம் சுற்றிவருவது, பயிற்சி பெறுவது ஆகியவையே அத்தகைய கப்பலின் அன்றாடம். கொல்வதற்கென்று கட்டப்பட்ட ஒரு பொருள் தன் வாழ்நாளின் பெரும்பகுதியைக் கொல்லாமலே கழிப்பது அறநோக்கில் கருதத்தக்கது. ஆனால் அந்த அமைதியைத் தருவதும் கொல்லும் திறனே என்பதால், அதை அகிம்சை என்று பெயரிட்டு அழைக்க இயலாது.

இங்குதான் முதல் வாதம் எழுகிறது. இக்கப்பல் தற்காப்புக்காக மட்டும் பிறந்தது, பிறர் கரையைத் தேடிப் போகாதது, தன் கரைக்கு மறைந்து வருபவனை மட்டுமே தேடுவது. ஆகவே இதன் உறுப்பைச் செய்பவர்மீது பழி ஏதும் இல்லை என்பது அவ்வாதம். கேட்பதற்கு நேர்மையாக இருப்பினும், வரலாறு அதை முழுமையாக ஏற்பதில்லை. 1971ஆம் ஆண்டு இந்தியாவிடம் இருந்த ஓசா வகை ஏவுகணைப் படகுகள், ஏறத்தாழ 200 டன் எடையில், கரையோரக் காப்புக்காகவே வாங்கப்பட்டவை. நெடுந்தொலைவு ஓடும் ஆற்றல் அவற்றுக்கு இல்லை. ஆயினும் அவ்வாண்டு டிசம்பர் 4 இரவில் நிபட், நிர்காட், வீர் என்னும் அத்தகைய மூன்று படகுகள் கராச்சியின் வாயில்வரை சென்று பாகிஸ்தானின் காய்பர் என்னும் கப்பலை மூழ்கடித்தன. அத்தாக்குதல் போர்நெறிக்கு மாறானதென்று இதனால் ஆகிவிடாது. ஆனால் ஒரு கப்பலின் வரைபடத்தில் குறிக்கப்பட்ட எல்லை அதைப் பயன்படுத்துவோரைக் கட்டுப்படுத்துவதில்லை என்பது தெளிவாகிறது. மேலும் கண்ணிவெடி ஆளறிந்து வெடிப்பதில்லை. வணிகக் கப்பலும் மீன்பிடி விசைப்படகும் அதற்கு ஒன்றே. அதனால்தான் 1907ஆம் ஆண்டு ஹேக் எட்டாம் உடன்படிக்கை, கட்டறுந்து மிதக்கும் கண்ணிவெடி உடனே செயலிழக்க வேண்டும் என்றும், நங்கூரமிடாமல் விடப்படுவது கட்டுப்பாட்டை விட்டு நீங்கிய ஒரு மணி நேரத்துக்குள் செயலிழக்க வேண்டும் என்றும் விதித்தது. ஆகவே தற்காப்பு என்பது கருவியோடு பிறக்கும் குணமன்று, அதைக் கையாளும் முறையில் ஒவ்வொரு முறையும் புதிதாக நிலைநாட்டப்பட வேண்டியது.

அப்படியாயின் அறத்தை எங்கே தேடுவது? இதற்குக் கொங்கு நாடு வெளியே போக வேண்டியதில்லை. இம்மண்ணில் நெடுங்காலம் வேரூன்றியிருந்த சமணம் இதே வினாவோடு மல்லாடியது. பெருங்கதை பாடிய கொங்குவேளிரின் ஊராகக் கருதப்படும் விஜயமங்கலத்தின் சமணக் கோயிலில், சாமுண்டராயரின் தங்கை புல்லப்பை உண்ணாநோன்பிருந்து உயிர்நீத்ததைக் குறிக்கும் கல்வெட்டு உள்ளது. சாமுண்டராயர் துறவியல்லர், கங்க மன்னர்களுக்கு அமைச்சராகவும் படைத்தலைவராகவும் இருந்து பல போர்களை நடத்தியவர். ஓர் எறும்பையும் மிதியாதே என்று கற்பிக்கும் சமயத்தைக் கைக்கொண்டிருந்த அவர் பத்தாம் நூற்றாண்டின் இறுதியில் சிரவணபெளகொளவில் எழுப்பியது பாகுபலியின் பெருஞ்சிலை. பாகுபலியின் கதையோ, இருபுறமும் படைகள் அணிவகுத்து நிற்க, வீரர்கள் வீணே மடிய வேண்டாமென்று அமைச்சர்கள் தடுத்ததால் உடன்பிறந்தார் இருவர் மட்டும் தனியே பொருத, வென்றவன் வெற்றியையே துறந்த கதை. படைத்தலைவர் ஒருவர் இவ்வுருவைத் தேர்ந்ததில், போரை முழுதும் ஒழிக்க முடியாதவிடத்தும் அதை எவ்வளவு சுருக்க முடியும் என்ற கவலை தெரிகிறது.

இக்கவலையைப் பிற்காலச் சமண அறநூலார் ஒழுங்குபடுத்திக் கொலைவினையை நான்காகப் பகுத்தனர். கொல்ல வேண்டும் என்றே எண்ணிச் செய்வது சங்கல்ப இம்சை. சமைத்தல், பெருக்கல் போன்ற இல்லறச் செயல்களில் நேர்வது ஆரம்ப இம்சை. உழவு, தொழில் முதலியவற்றில் தவிர்க்க முடியாமல் நேர்வது உத்யோக இம்சை. தாக்க வருபவனிடமிருந்து தன்னையும் பிறரையும் காக்கும்போது நேர்வது விரோதி இம்சை. துறவிக்கு நான்கும் விலக்கு. இல்லறத்தாருக்கு முதலாவது முழுவதும் விலக்கு. ஏனைய மூன்றும் இயன்றவரை குறைக்கப்பட வேண்டியவை. பிற்கூறிய மூன்றும் இம்சை என்ற பெயரை இழப்பதில்லை என்பதே இப்பகுப்பின் நேர்மை. தேவையான தீமையை இது நன்மை என்று பெயர் மாற்றுவதில்லை. தேவை என்று மட்டுமே ஒப்புக்கொள்கிறது.

பட்டறைக்காரரின் செயலை இந்த நான்கில் எங்கே வைப்பது என்பதில்தான் சிக்கல். கிணற்றுப் பம்ப்பின் உறுப்பை வார்ப்பது ஐயமின்றி மூன்றாம் வகை. டார்பிடோ குழாயின் உறுப்பை வார்ப்பது மூன்றாவதாகவும் நான்காவதாகவும் ஒருங்கே நிற்கிறது. ஏனெனில் அது ஒருவரின் பிழைப்பு, மற்றவரின் தற்காப்பு. சமந்தபத்திரரின் இரத்தினகரண்டக சிராவகாசாரமும், அதைத் தழுவித் தமிழில் எழுந்த அருங்கலச்செப்பும் பயனின்றிச் செய்யும் தீமைகளைக் கண்டிக்கும் இடத்தில், கொலைக்கருவிகளைப் பிறருக்கு வழங்குவதையும் அவற்றுள் ஒன்றாக எண்ணுகின்றன. பௌத்தம் இன்னும் கடுமையானது: இல்லறத்தார் செய்யலாகாத ஐந்து வாணிகங்களின் வரிசையில் படைக்கல வாணிகத்தையே முதலில் வைக்கிறது. திருக்குறளோ அறத்துப்பாலில் கொல்லாமைக்கு ஓர் அதிகாரம் வகுத்து, பொருட்பாலில் அரணுக்கும் படைமாட்சிக்கும் படைச்செருக்குக்கும் தனித்தனி அதிகாரங்கள் தருகிறது. ஒன்று மற்றொன்றை அழிப்பதாக வள்ளுவர் கருதியிருந்தால் இரண்டையும் ஒரே நூலில் வைத்திருக்க மாட்டார். தனிமனிதன் தன் உயிரையும் விட்டுக்கொடுக்கலாம், ஆனால் பிறர் உயிர்களைக் காக்கும் கடமையை ஏற்ற அரசு அவ்வாறு விட்டுக்கொடுக்க முடியாது என்ற வேறுபாடே அவ்வமைப்பின் அடிப்படை எனக் கொள்ளலாம்.

அரசுக்குரிய இந்த உரிமைக்கும் எல்லை உண்டு. பத்தாம் நூற்றாண்டுச் சமண ஆசிரியரான சோமதேவர், போர்க்களத்தில் ஆயுதம் ஏந்தி எதிர்ப்பவன்மீதும் நாட்டுக்கு முள்ளாய் இருப்பவன்மீதும் மட்டுமே மன்னன் படைக்கலம் எடுக்கலாம் என்றும், எளியவர்மீது எடுக்கலாகாது என்றும் வகுத்தார். போரிடுவோரையும் போரிடாதோரையும் வேறு பிரித்தறிய வேண்டும் என்று இன்றைய பன்னாட்டுப் போர்ச்சட்டம் சொல்வதும் இதுவே. ஆனால் நீர்மூழ்கி வேட்டையில் இந்த வேறுபாட்டைக் கண்ணால் காண வழியில்லை. எல்லாம் ஒலியைக் கொண்டே முடிவு செய்யப்படுகின்றன. ஒலியலையை நீருக்குள் செலுத்தி, பட்டுத் திரும்பும் எதிரொலியால் பொருளின் திசையையும் தொலைவையும் கணிக்கும் கருவி சோனார் எனப்படும். ஆழ்கடலைவிட ஆழமற்ற கடலில் அதன் வேலை கடினமானது. அங்கே ஒலி கடலடிக்கும் நீர்ப்பரப்புக்கும் இடையே மாறிமாறி மோதிச் சிதறுகிறது, மேல்நீரின் வெப்பமும் கீழ்நீரின் குளிர்ச்சியும் ஒலியின் பாதையை வளைக்கின்றன, மீன்பிடிப் படகுகளின் என்ஜின் இரைச்சல் இடைவிடாது கலக்கிறது. அதனால்தான் கப்பலின் அடியில் பொருத்திய சோனாரோடு, வடத்தில் கட்டி வேண்டிய ஆழத்துக்கு இறக்கும் இன்னொரு சோனாரையும் இக்கப்பல் சுமக்கிறது. இருந்தும் திரையில் தோன்றும் ஒரு புள்ளி நீர்மூழ்கியாகவும் இருக்கலாம், மூழ்கிக் கிடக்கும் பழைய கப்பலாகவும் இருக்கலாம், திமிங்கலமாகவோ மீன்கூட்டமாகவோ பாறையாகவோ இருக்கலாம். அதை வகைப்படுத்தும் பணியாளரின் செவியும் பொறுமையும் அந்நேரத்தில் அறத்தின் கருவிகளாகின்றன.

தத்துவார்த்த சூத்திரம் இம்சைக்குத் தரும் வரையறை இவ்விடத்தில் பெரிதும் உதவுகிறது. ஓர் உயிர் போவதனால் மட்டும் இம்சை நிறைவதில்லை. பிரமாதம் எனப்படும் கவனமின்மையாலோ வேட்கை, சினம் போன்றவற்றின் மயக்கத்தாலோ உயிருக்கு ஊறு நேர்வதே இம்சை என்பது அதன் கருத்து. கவனம் என்பது வெறும் தொழில்திறன் என்றே பொதுவாகக் கருதப்படுகிறது. இவ்வரையறையோ அதை அறத்தின் நடுவில் கொண்டுவந்து வைக்கிறது. ஐயம் தீராத புள்ளியை எதிரி என்று அவசரமாக அறிவிக்கும் மாலுமியும், அவ்வாறு அறிவிக்கும்படி நெருக்கும் அதிகாரியும், குறி தவறினாலும் தவறாவிட்டாலும் வினைக்கு உரியவராகின்றனர். கோயம்புத்தூரில் கடலின் உப்புக்காற்றுப் படாத இடத்தில் இயங்கும் ஐ.என்.எஸ். அக்ரணி என்னும் கடற்படைப் பயிற்சித் தளத்தில் மாலுமிகளுக்கு அளிக்கப்படும் தலைமைப் பண்புப் பயிற்சியை இந்த நோக்கில் பார்த்தால், முடிவெடுக்கப் பழக்குவது எவ்வளவு இன்றியமையாததோ, எப்போது முடிவெடுக்காமல் நிறுத்திக்கொள்வது என்று பழக்குவதும் அவ்வளவு இன்றியமையாதது.

இதே வரையறை பட்டறையையும் விட்டுவைக்காது. வால்வு ஒன்றின் உடலை வார்க்கும் பவுண்டரியில், மணலின் ஈரமும் உலோகத்தின் வெப்பமும் சற்று முன்பின்னானால் வார்ப்படத்துக்குள் காற்று சிக்கி, தொழிலாளர்கள் ‘புளோ ஹோல்’ என்று சொல்லும் பொத்தல் விழுகிறது. அது மேற்பரப்பில் தெரிந்தால் ரிஜெக்‌ஷன் என்று ஒதுக்கி மீண்டும் உருக்க வேண்டும். ஆனால் ஆர்டருக்குக் கெடு நெருங்கும்போது, பொத்தலில் பசையை அடைத்துத் தேய்த்துப் பெயின்ட் அடித்து அனுப்பிவிடும் ஆசை எந்தப் பட்டறைக்கும் எழக்கூடியது. தோட்டத்துப் பம்ப்பில் அந்த வால்வு ஒழுகினால் ஒரு நாள் பாசனம் தடைப்படும். ஐம்பதுக்கும் மேற்பட்டோர் அடைபட்டு வாழும் சிறு கப்பலின் கடல்நீர்க் குழாயில் ஒழுகினால் அவர்கள் உயிருக்கே கேடு. எங்கோ இருக்கும் எதிரியின் சாவில் தனக்குப் பங்குண்டா என்று வருந்தும் தொழில்முனைவோர், தன் கப்பலில் இருக்கும் மாலுமியின் சாவில் தனக்கு நேரடிப் பங்கு இருக்கக்கூடும் என்பதை முதலில் எண்ண வேண்டும். முன்னதில் அவருக்கும் விளைவுக்கும் இடையே நூறு பேரின் முடிவுகள் நிற்கின்றன. பின்னதில் ஒருவரும் இல்லை.

கப்பலை வரைபவருக்கும் இப்பொறுப்பு உண்டு. 1971 டிசம்பர் 9 அன்று டையூவுக்கு அப்பால் பாகிஸ்தானின் ஹங்கோர் என்னும் நீர்மூழ்கியால் மூழ்கடிக்கப்பட்ட குக்ரி, நீர்மூழ்கிகளை வேட்டையாடவே கட்டப்பட்ட ஒரு கப்பல். அது சேர்ந்திருந்த பிளாக்வுட் வகையை, 1950களில் பிரிட்டன் குறைந்த செலவில் விரைந்து கட்டத்தக்க சிறு போர்க்கப்பலாக வகுத்திருந்தது. ஏறத்தாழ 1,200 டன் எடையுள்ள அக்கப்பலுக்கு ஒரே சுழல்விசிறிதான். அன்றிரவு கப்பலோடு 18 அதிகாரிகளும் 176 மாலுமிகளும் மாண்டனர். மற்றவர்களைத் தப்பச் செய்துவிட்டுத் தான் கப்பலை விட்டு நீங்காத கேப்டன் மகேந்திரநாத் முல்லா மகாவீர் சக்கரம் பெற்றார். அவருடைய தியாகம் போற்றப்பட வேண்டியது; ஆனால் போற்றுதலோடு நின்றுவிடுவது நாட்டுக்குத் தகாது. நீருக்கடியில் மறைந்திருப்பவனை அவன் தன்னைக் கண்டுகொள்ளும் முன்பே கண்டுகொள்ள வேண்டிய தொழிலுக்கு மனிதரை அனுப்பும் நாடு, அதற்கேற்ற செவிப்புலனும் வேகமும் உள்ள கப்பலைத் தருவது கருணையன்று, கடன். வீரர்களின் சாவைக் கொண்டாடும் பழக்கம் அக்கடனை மறைக்கும் திரையாகிவிடக் கூடாது.

இனி, ‘ஜாப் ஒர்க்தானே செய்கிறோம், வரைபடம் வருகிறது, செய்து கொடுக்கிறோம், எங்கே போகிறது என்று நமக்கென்ன’ என்னும் மறுப்பைப் பார்க்க வேண்டும். கடமையைச் செய், பயனில் பற்று வைக்காதே என்ற கீதையின் போதனை இதற்குத் துணையாகக் காட்டப்படுவதும் உண்டு. ஆனால் அந்நூலில் அருச்சுனன் எதிரே நிற்பவர் யார் யார் என்று ஒவ்வொருவராகப் பார்த்தறிந்து, கேட்க வேண்டிய ஐயங்களை எல்லாம் கேட்ட பிறகே வில்லை எடுக்கிறான். பயனில் பற்றின்மை வேறு, பயனை அறியாமை வேறு. கூலி பெறும் தொழிலாளிக்கு ஆர்டரை மறுக்கும் வசதி குறைவு என்பதால் அவர் பொறுப்பும் குறைவு. ஆர்டரை ஏற்கும் முதலாளிக்கும், அக்கப்பலை எங்கே அனுப்புவதென்று முடிவு செய்யும் அரசுக்கும், அவ்வரசைத் தேர்ந்தெடுத்து அதன் பாதுகாப்பில் உறங்கும் குடிமக்களுக்கும் அது படிப்படியாக மிகுகிறது. கப்பலின் காவலை அனுபவித்துக்கொண்டே அதைக் கட்டியவரை மட்டும் பழிப்பது, இறைச்சியை உண்டுவிட்டுக் கசாப்புக்காரனைத் தூற்றுவதற்கு ஒப்பாகும்.

ஆகவே கொல்லாமையை மதிக்கும் ஒருவர் இத்தகைய கப்பலின் உறுப்பைச் செய்யலாமா என்றால், இல்லறத்தார்க்குரிய அறத்தின் எல்லைக்குள் நின்று செய்யலாம் என்பதே விடை. ஆனால் உறுப்பு எதில் பொருந்தப்போகிறது என்று கேட்டறிந்து செய்ய வேண்டும், பொத்தலை மறைக்காமல் செய்ய வேண்டும். பௌத்தத்தின் கடுநெறியை ஏற்று அவ்வகை ஆர்டரை வேண்டாமென்று விடுபவரை நாட்டுப்பற்று அற்றவர் என்று ஏசவும் கூடாது. தொழிலமைப்புகள் அந்த மறுப்புக்கு மதிப்பளிக்கவும், உறுப்பின் இறுதிப்பயனை ஒப்பந்தத்திலேயே குறிக்கும் வழக்கத்தைக் கொண்டுவரவும் வேண்டும். தேவை என்று செய்யப்படும் இம்சையும் இம்சையே. அதைச் செய்து வாழும் சமூகம், ஒவ்வொரு முறையும் அதன் அளவைச் சுருக்கும் வழியைத் தேடக் கடமைப்பட்டிருக்கிறது.